பூக்கும் நாள்காட்டி

முகப்பேரில் எங்கள் தெருப் புங்கமரம் இலையுதிர்த்துத் தளிர்விட்டால் பங்குனி. அடுத்த சில நாட்களில் வெள்ளையும் இளஞ்சிவப்புமாய்ப் பொரிபோல் பூக்கள் உதிர்ந்து, நிறுத்தியிருக்கும் ஸ்கூட்டர்களின் சீட்டை மூடிவிடும். வேம்பு பூத்தால் சித்திரை. புத்தாண்டுப் பச்சடிக்கு அந்தப் பூவே வேண்டும். சரக்கொன்றை மஞ்சள் சரம் தொங்கவிட்டால் கத்திரி வெயில் வந்துவிட்டது. மழை ஓயும் கார்த்திகை இரவுகளில் மரமல்லி மணக்கும். மார்கழி விடியலில் கோலத்தின் நடுவே, சாணப் பிள்ளையார் தலையில் பூசணிப்பூ அமரும்.

காந்தளுக்கு நம்மவர் வைத்த இன்னொரு பெயரே கார்த்திகைப்பூ. மாதமே பூவின் பெயரானது எவ்வளவு அழகு!

இந்தப் பூக்கணக்கின் மிக நீண்ட சுற்று மலையில் இருக்கிறது. நீலக்குறிஞ்சி பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை திரளாகப் பூத்து, விதையிட்டு, மடிகிறது. பழனிமலைப் பளியர்கள் அதன் பூப்பை வைத்தே வயதைக் கணக்கிட்டார்கள் என்பார்கள். ஐந்து குறிஞ்சி கண்டவருக்கு ஏறத்தாழ அறுபது வயது. 2006இல் பூத்தது, 2018இல் பூத்தது, அடுத்தது 2030.

சுவர்க் காலண்டரில் தாளைக் கிழித்தால் நாள் போய்விடும். மரத்தின் காலண்டரோ உதிர்ந்த இடத்திலேயே துளிர்க்கிறது. மழை பிந்தினால் அதுவும் பிந்தும். வெயில் முந்தினால் முந்தும். மண்ணையும் வானத்தையும் கேட்டே அது தேதி சொல்கிறது. தினமும் காலையில் அண்ணாந்து பார்ப்பது ஒன்றே அதைப் படிக்கும் வழி.