சௌகார் ஜானகியைக் கேட்டுப் பாருங்கள்

சௌகார் ஜானகி நடித்த பழைய படம் ஏதாவது தொலைக்காட்சியில் ஓடினால், சத்தத்தைக் கொஞ்சம் கூட்டி வைத்துவிட்டு முதல் சில காட்சிகளைத் திரையைப் பார்க்காமல் கேளுங்கள். முகத்தைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். அவரைச் சினிமாவுக்கு அழைத்து வந்ததே குரல்தான்.

1931-இல் ராஜமுந்திரியில் பிறந்தவர். சின்ன வயதிலேயே சென்னை வானொலி நாடகங்களில் பேசினார். அதைக் கேட்ட இயக்குநர் பி.என்.ரெட்டி நடிக்கக் கூப்பிட, வீட்டில் மறுத்துவிட்டுக் கல்யாணம் செய்து வைத்தார்கள். பிறகு குடும்பக் கஷ்டம் நெருக்கியபோது, கையில் குழந்தையோடு அவரே போய் வாய்ப்புக் கேட்டார். 1950-இல் எல்.வி.பிரசாத் இயக்கத்தில் என்.டி.ராமராவுடன் நடித்த தெலுங்குப் படத்தின் பெயர்தான் இன்றுவரை அவர் பெயருக்கு முன்னால் நிற்கிறது. 1952-இல் தமிழுக்கு வந்தார். படம் ‘வளையாபதி’, வசனம் பாரதிதாசன். வீட்டில் தெலுங்கு பேசி வளர்ந்த பெண்ணுக்கு எடுத்த எடுப்பிலேயே அப்படியொரு தமிழ்!

மலேசியாவில் நம் சுபாங் ஜெயா நகரமாவதற்கு முன் சீபீல்ட் தோட்டமாக இருந்தது. தோட்டத் திடல்களில் திரை கட்டிப் படம் காட்டிய காலத்து ஆட்களிடம் சௌகாரைப் பற்றிக் கேட்டால், “அவங்க வந்தாலே அழுகைதான்” என்பார்கள். ‘ஒளிவிளக்கு’ (1968) விதவையை மனதில் வைத்துச் சொல்வது அது. 1984-இல் எம்.ஜி.ஆர். நோயில் படுத்தபோது, அந்தப் படத்தில் சௌகார் இறைவனிடம் மன்றாடும் பாட்டைத் தமிழ்நாடெங்கும் பிரார்த்தனையாகவே ஒலிக்கவிட்டார்கள். ஆனால் அழுகையை மட்டும் வைத்து அவரை எடைபோட்டால் இழப்பு நமக்குத்தான்.

‘புதிய பறவை’யை (1964) எடுத்துக்கொள்ளுங்கள். சிவாஜி, சரோஜாதேவிக்காகப் பலமுறை பார்த்திருப்பீர்கள். இந்த முறை சௌகாருக்காகப் பாருங்கள். சிங்கப்பூர் கிளப்பில் பாடும் சித்ரா, கணவன் முகத்தைப் பற்றிக் கவலைப்படாமல் குடித்துவிட்டு வீடு திரும்புகிறவள். அவள் செத்துப்போனாள் என்று கணவன் சொல்லிக்கொண்டிருக்கும்போதே, ‘நான்தான் உங்கள் மனைவி’ என்று இன்னொருத்தி வீட்டுக்குள் வந்து நிற்கிறாள். இரண்டு பேரும் சௌகார்தான். சித்ரா பேச்சை அலட்சியமாக எறிவாள். வந்தவளோ ஒவ்வொரு சொல்லையும் அளந்து வைப்பாள். பக்கத்தில் எம்.ஆர்.ராதா. அந்தக் குரலுக்கு முன்னால் யாருக்கும் உரக்கப் பேசிவிடத்தான் தோன்றும். சௌகார் தணிந்து பேசுகிறார். சிவாஜி எவ்வளவுக்கு எவ்வளவு கொதிக்கிறாரோ, அவ்வளவுக்கு இவர் அமைதியாகிறார். சந்தேகம் நமக்கு வருவது அந்த அமைதியால்தான். பார்க்காத இளையவர்களுக்காக முடிவைச் சொல்லாமல் விடுகிறேன்.

அவர் நடித்ததில் உச்சம் என்று நான் சொல்வது ‘இரு கோடுகள்’ (1969). ரசிகர்கள் பலர் ‘காவியத் தலைவி’யைச் (1970) சொல்வார்கள். அவரே தயாரித்து, தாயாகவும் மகளாகவும் நடித்த படம், மதிப்பு குறையாது. இருந்தாலும் எனக்குக் கலெக்டர் ஜானகிதான் முதலில். பிரிந்துபோன கணவன் ஜெமினி கணேசன், அவர் அலுவலகத்திலேயே குமாஸ்தா. அவருக்கு இன்னொரு மனைவியும் இருக்கிறாள். கோப்போடு கணவன் அறைக்குள் வரும்போது சௌகார் பேசுவது அதிகாரியின் பேச்சு. வாக்கியம் முடியும் இடத்தில் மட்டும் ஒரு நொடி தாமதிப்பார். அந்த நொடியைப் பிடித்துவிட்டீர்கள் என்றால் படமே வேறாகத் தெரியும். முதலமைச்சர் அண்ணாவை அவர் சந்திக்கும் காட்சியையும் விடாதீர்கள். அண்ணா மறைந்த வருடம் அது. மேசை, மூக்குக் கண்ணாடி, பேனா, ஒரு குரல். திரையில் அண்ணா அவ்வளவுதான். எதிரில் ஆளே இல்லாமல், குரலுக்கு மட்டும் மரியாதையும் பூரிப்பும் காட்டி நடிப்பது வானொலியில் வளர்ந்தவருக்கே கைவரும் என்று நினைக்கிறேன்.

இதற்கு நேரெதிர் ‘தம்பி’ (2019). கார்த்தி, ஜோதிகா நடித்த படத்தில் பேச்சிழந்த பாட்டி. அத்தனை காலம் குரலால் வாழ்ந்தவர், கண்ணாலும் கையாலும் பேசுகிறார். அடுத்த வருடம் வந்த ‘பிஸ்கோத்’ அவருக்கு 400-ஆவது படம் என்றார்கள். 2022-இல்தான் பத்மஸ்ரீ கிடைத்தது. எவ்வளவோ முன்னாலேயே கொடுத்திருக்க வேண்டும்.

வீட்டில் பிள்ளைகளோடு உட்காருகிறீர்கள் என்றால் இதையெல்லாம் பிறகு வைத்துக்கொள்ளுங்கள். கே.பாலசந்தரின் ‘எதிர்நீச்சல்’ (1968) போடுங்கள். ஸ்ரீகாந்துக்கு ஜோடியாக, அக்கம்பக்கத்து வம்பெல்லாம் விரல்நுனியில் வைத்திருக்கும் பட்டு மாமி. அக்கிரகாரத்துப் பேச்சு அவர் வாயில் என்னமாய்ப் புரள்கிறது! அடுத்து ‘தில்லு முல்லு’ (1981). ரஜினிக்காகப் பொய்யம்மா வேஷம் கட்டும் பணக்காரச் சீமாட்டி. பிள்ளைகள் ரஜினியைப் பார்த்துச் சிரிக்கட்டும். சீமாட்டியின் பேச்சு எந்த இடத்தில் அம்மாவின் பேச்சாக மாறுகிறது என்று நீங்கள் கவனியுங்கள்.