எடுத்த படங்களும் எட்டாத கொட்டகைகளும்

தேசிய திரைப்பட வளர்ச்சிக் கழகத்தின் பயன் குறித்துக் கேள்வி எழும்போதெல்லாம் அதன் ஆதரவாளர்கள் விருதுப் பட்டியலை எடுத்து நீட்டுகின்றனர். பட்டியல் உண்மையானதே. கழகத்தின் முன்னோடியாக 1960இல் தொடங்கிய திரைப்பட நிதிக் கழகம் கடன் தராதிருந்தால் மிருணாள் சென்னின் ‘புவன் ஷோம்’ உருவாகியிருக்குமா என்பது ஐயமே. சிறந்த படத்துக்கான தேசிய விருதைத் தமிழுக்கு முதன்முதலாகப் பெற்றுத்தந்த சேதுமாதவனின் ‘மறுபக்கம்’, தீப்பெட்டித் தொழிலில் கருகும் குழந்தைகளைப் பற்றிப் பூமணி இயக்கிய ‘கருவேலம் பூக்கள்’ ஆகியவற்றுக்குக் கோடம்பாக்கத்தில் எவரும் பணப்பையை அவிழ்த்திருக்க மாட்டார்கள்.

எனினும், படம் தணிக்கைச் சான்றிதழ் பெற்று விழாவுக்குப் போனதும் தன் கடமை முடிந்தது என்று கழகம் நடந்துகொண்டதை இப்பட்டியல் மறைத்துவிடுகிறது. ஏரியா வாரியாக உரிமை விற்று, திரையரங்கில் தேதி பிடித்து, சுவரொட்டி ஒட்டிப் படத்தை ஓட வைக்கும் விநியோகம் என்ற வேலை அதன் கணக்கில் என்றும் உபரியாகவே இருந்தது. அரசுகளின் நிதியோடு கழகம் தயாரித்து, ஜப்பார் படேல் இயக்கிய ‘டாக்டர் பாபாசாகேப் அம்பேத்கர்’ படத்தில் நடித்ததற்காக மம்மூட்டி தேசிய விருது பெற்றார். ஆயினும் அதன் தமிழ் வடிவம் சென்னை உயர் நீதிமன்றம் வரை வழக்குச் சென்ற பிறகு, 2010 டிசம்பரில்தான் தமிழ்நாட்டுத் திரையரங்குகளுக்கு வந்தது. பொதுப்பணத்தில் எடுத்த படத்தைக் காட்டுமாறு பொதுமக்களே நீதிமன்றப் படியேற வேண்டியிருந்தது எந்த விருதாலும் ஈடுசெய்ய முடியாத தோல்வி.

திரையரங்கு உரிமையாளர்கள் இடம் தருவதில்லை என்ற பதில் உடனே வரும். தனியார் தயாரிப்பாளர் அவ்வாறு கைவிரிக்கலாம். திரையரங்கு கட்டக் கடன் கொடுக்கும் திட்டத்தையே ஒரு காலத்தில் நடத்திய அரசு நிறுவனத்துக்கு அந்தச் சாக்குப் பொருந்தாது. குஜராத்தின் பால் கூட்டுறவு உறுப்பினர்கள் ஐந்து லட்சம் பேர் ஆளுக்கு இரண்டு ரூபாய் கொடுத்து எடுத்த ஷியாம் பெனகலின் ‘மந்தன்’ 1976இல் வெளிவந்தபோது, பணம் போட்டவர்களே லாரிகளில் வந்து பார்வையாளராக அமர்ந்தனர். அங்கே நிதி திரட்டிய வழியே பார்வையாளரையும் திரட்டியது. கழகத்தின் அண்மைக்கால வெற்றியாகக் காட்டப்படும் ‘தி லஞ்ச்பாக்ஸ்’ (2013) கூட, யுடிவி போன்ற வணிக நிறுவனங்கள் வெளியீட்டைத் தோளில் சுமந்ததால்தான் நகரங்களில் ஓடியது.

2022இல் திரைப்படப் பிரிவு, தேசிய திரைப்பட ஆவணக் காப்பகம், குழந்தைத் திரைப்படச் சங்கம், திரைப்பட விழா இயக்ககம் ஆகியவற்றின் பணிகளும் கழகத்திடம் ஒப்படைக்கப்பட்டன. பழைய படச்சுருள்களைப் புதுப்பிக்கும் பெரும்பணியும் இப்போது அதன் பொறுப்பிலேயே நடக்கிறது. புதுப்பித்த பிரதிகள் கானுக்கும் கோவாவுக்கும் போவதில் குறையேதுமில்லை. ‘கருவேலம் பூக்கள்’ சாத்தூருக்கோ சிவகாசிக்கோ எந்த வழியாக, எவர் செலவில் போகும் என்பதைச் சொல்ல வேண்டிய துறை மட்டும் இந்த இணைப்பிலும் உருவாக்கப்படவில்லை.