ஏட்டில் ஏறாத செலவு

சொந்தக் கட்டடத்தில் மளிகைக் கடை நடத்துகிறவரிடம் வருமானத்தைக் கேட்டால், "செலவெல்லாம் போக மாசம் நாப்பதாயிரம் நிக்கும் சார்" என்பார். காலை ஆறு மணிக்குக் கடை திறக்கிறார், இரவு பத்துக்குப் பூட்டுகிறார். மதியச் சாப்பாட்டு நேரத்தில் மனைவி கல்லாவில் உட்காருகிறார். அந்த இடத்தை வாடகைக்கு விட்டால் 15,000 ரூபாய் வரும். சரக்கில் முடங்கிய எட்டு லட்சத்தை வங்கியில் போட்டால் நாலாயிரத்து ஐந்நூறாவது வட்டி வரும். இருவரும் வேறு கடையில் வேலைக்கு நின்றால் சம்பளம் 30,000. கூட்டிப் பாருங்கள்: மாதம் ஒன்பதாயிரத்துக்கு மேல் நட்டத்தில் ஓடுகிறது கடை. அவருக்கு அது தெரியாது. ஏனென்றால் அந்தச் செலவு எந்த ஏட்டிலும் ஏறவில்லை.

வணிகவியல் வகுப்பில் முதல் நாள் நான் கரும்பலகையில் எழுதுவது இந்தக் கடையைத்தான். ஏட்டில் ஏறாத அந்தச் செலவுக்குப் பாடநூல் சொல்லும் பெயர் வாய்ப்புச் செலவு. பொருளியல் கோட்பாடுகளை நிறுவன முடிவுகளுக்குப் பயன்படுத்தும் முறையை ஜோயல் டீன் 1951-இல் அமெரிக்காவில் பாடநூலாக்கினார். இன்று நம் கல்லூரிகள் அதை மேலாண்மைப் பொருளியல் என்று நடத்துகின்றன. ஆனால் பாடநூல் வருவதற்கு வெகுகாலம் முன்பே நம் வணிகர்களிடம் இந்த அறிவு பழக்கமாக இருந்தது. ஊருக்கு ஊர் அது வேறு வேறு முறையாக வளர்ந்தது. அவற்றைப் பள்ளிகள் என்றே சொல்வேன். ஏட்டில் ஏறாத செலவை எந்தப் பள்ளி எவ்வளவு தூரம் ஏட்டுக்குள் கொண்டு வந்தது என்பதே என் அளவுகோல்.

அந்த அளவுகோலில் முதலிடம் நகரத்தார் எனப்படும் நாட்டுக்கோட்டைச் செட்டியார்களுக்கு. காரைக்குடிப் பக்கம் ஒரு வீட்டில் பழைய பேரேடு ஒன்றைப் பிரித்துப் பார்க்கக் கிடைத்தது. மேலே பிள்ளையார் சுழி. கீழே பற்றும் வரவுமாக, அடித்தல் திருத்தல் இல்லாத கையெழுத்து. கடையில் போட்ட அடிப்படை முதல் ஒரு கணக்கு. அதற்கு மேல் முதலாளி விட்டுவைத்த மேம்பணம் தனிக் கணக்கு. மேம்பணத்துக்கு, வெளியார் வைப்புக்கு எழுதுவதைப் போலவே, வட்டி எழுதப்பட்டிருந்தது. தன் பணம்தானே என்று சும்மா விடவில்லை. என் மளிகைக்கடைக்காரருக்கு வராத எண்ணம் அந்தக் கணக்கப்பிள்ளைக்கு வந்திருக்கிறது.

கடல் தாண்டித் தொழில் செய்யப் போன இடத்தில் கடையைப் பார்ப்பவர் மேலாள். அவருக்குக் கீழே அடுத்தாள், அதற்கும் கீழே பெட்டியடிப் பையன். முதலாளி செட்டிநாட்டில், பணம் ரங்கூனில். கண்ணுக்கு எட்டாத இடத்தில் இருக்கிறவன் உன் பணத்தைத் தன் பணமாக நினைத்துக் காப்பாற்றுவானா? இன்றைய நிதியியலில் முகமைச் சிக்கல் என்று பெரிய பாடமே இதற்கு இருக்கிறது. நகரத்தார் கண்ட வழி, சுமார் மூன்று ஆண்டுத் தவணை, சம்பளம், தவணை முடிந்து ஐந்தொகை சரிபார்த்த பிறகு லாபத்தில் ஒரு பங்கு. பெட்டியடியாகச் சேர்ந்தவர் மேலாளாகி, பிறகு தாமே கடை வைப்பதும் உண்டு. கெட்ட பெயர் எடுத்தால் கோயிலிலும், பலர் கூடித் தொழில் செய்யும் கிட்டங்கியிலும் தலை காட்ட முடியாது. நடப்பு வட்டியையும் தனியொருவர் வைத்ததில்லை. ரங்கூன் மொகல் தெருக் கோயிலில் மாதம் ஒருமுறை கூடி, பணத்தின் தேவையையும் வரத்தையும் பார்த்து வைத்தார்கள்.

இவ்வளவு தேர்ந்தவர்கள் எங்கே தவறினார்கள்? கீழ்ப் பர்மாவில் அவர்களிடம் கடன் வாங்கியவனின் வருமானம் நெல். ஈடாக எழுதி வைத்த நிலத்தின் மதிப்பும் நெல். 1930-இல் நெல் விலை சரிந்தபோது இரண்டும் ஒரே நாளில் சரிந்தன. திரும்பாத கடனுக்குப் பதில் நிலம் வந்து சேர்ந்தது. அங்குள்ள 13 முக்கிய நெல் மாவட்டங்களில் 1930-இல் நூற்றுக்கு 6 பங்கு நிலமே செட்டியார்கள் கையில் இருந்தது. 1938-இல் அது 25 பங்கு. விற்கவும் முடியாத, காசாக்கவும் முடியாத சொத்து அது. நிலத்தை இழந்த பர்மிய உழவனின் கோபம் வேறு. 1942-இல் ஜப்பானியர் வந்தார்கள். 1948-இல் விடுதலை பெற்ற பர்மா நிலத்தை நாட்டுடைமையாக்கச் சட்டம் செய்தது. பணத்தின் காலத்துக்கு வட்டி எழுதத் தெரிந்தவர்கள், எல்லாம் ஒருசேர விழும் ஆபத்துக்கு எதையும் எழுதி வைக்கவில்லை. அதை உணர்ந்தவர்களும் அவர்களுக்குள் இருந்தார்கள். மு.சித.மு. சிதம்பரம் செட்டியார் 1937-இல் இந்தியன் ஓவர்சீஸ் வங்கியைக் காரைக்குடி, சென்னை, ரங்கூன் மூன்றிலும் ஒரே நாளில் திறந்து, அந்நியச் செலாவணித் தொழிலில் இறங்கினார்.

விருதுநகர், சிவகாசிப் பக்கத்து நாடார் பள்ளி வேறு வகை; அது பொதுக் காரியச் செலவை ஏட்டில் ஏற்றியது. பேட்டைக்கு வந்த சரக்கில் மூட்டைக்கு இவ்வளவு என்று மகிமை எடுத்து, உறவின்முறை என்ற தங்கள் சாதிச் சங்கத்தின் பொதுப்பணத்தில் சேர்த்தார்கள். பொதுக் காரியத்துக்குப் பணம் கேட்டால் அடுத்தவன் தரட்டும் என்று எல்லாரும் ஒதுங்குவது உலக வழக்கம். தராசில் சரக்கு ஏறும்போதே பிடித்துவிட்டால் ஒதுங்க வழியில்லை. அந்தப் பணமும் வீடுவீடாகச் சேர்த்த பிடியரிசியும் பள்ளிக்கூடங்களை நடத்தின. காமராசர் படித்த க்ஷத்ரிய வித்தியாசாலை அப்படி எழுந்ததுதான். 1921-இல் தூத்துக்குடியில் தொடங்கிய நாடார் வங்கி, இன்றைய தமிழ்நாடு மெர்க்கன்டைல் வங்கி, இதே பழக்கத்தின் நீட்சி.

அடுத்த பள்ளி திருப்பூர். அங்கே ஒரு பனியன் ஒரே கூரையின் கீழ் பிறப்பது குறைவு. நிட்டிங் ஓரிடம், சாயம் ஓரிடம், கட்டிங், ஓவர்லாக், செக்கிங், அயர்னிங் எல்லாம் வெவ்வேறு இடம். துணிக்கட்டு மொபெட்டில் சந்து சந்தாகப் போகும். எதை நாமே செய்வது, எதை வெளியே கொடுப்பது என்ற, பொருளியலாளர் ரொனால்டு கோஸின் 1937-ஆம் ஆண்டுக் கேள்விக்கு அந்த ஊர் ஒவ்வொரு ஆர்டரிலும் விடை சொல்லிக்கொண்டிருக்கிறது. ஒன்றைத்தான் நெடுங்காலம் யாரும் ஏட்டில் ஏற்றவில்லை: சாயக்கழிவு கலந்த நொய்யல் ஆறு. பாசனத்துக்கென்று 1992-இல் அந்த ஆற்றில் கட்டிய ஒரத்துப்பாளையம் அணையில் சாயத்தண்ணீர் தேங்கியது. அந்தத் தண்ணீர் வேண்டாம் என்று விவசாயியே போராடினார். 2011 ஜனவரியில் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னது சென்னை உயர் நீதிமன்றம். ஏட்டில் விட்டுப்போன செலவு வட்டியோடு வந்தது. கழிவுநீரை வெளியே விடாமல் சுத்திகரிக்கும் செலவு இன்று சாயக் கூலியில் சேர்ந்திருக்கிறது; அது முதலிலேயே இருக்க வேண்டியது.

என் மனத்துக்கு மிக நெருங்கிய பள்ளியை வணிகர் தொடங்கவில்லை. அரசுப் பணியில் ஓய்வு பெற்ற கண் மருத்துவர் கோ. வெங்கடசாமி 1976-இல் மதுரையில் 11 படுக்கைகளோடு அரவிந்த் மருத்துவமனையைத் தொடங்கினார். அங்கே எது கிடைத்தற்கரியது? கட்டடமா, கருவியா? அறுவை மருத்துவரின் நேரம். ஆகவே அறையில் இரண்டு மேசை. ஒன்றில் அறுவை நடக்கும்போது அடுத்ததில் நோயாளியைச் செவிலியர் தயார்படுத்தி வைக்கிறார். மருத்துவர் நாற்காலியைத் திருப்பினால் போதும். மற்ற வேலை எதற்கும் அவர் கை போவதில்லை. ஒரு கண்ணுக்கு ஆகும் செலவு இப்படித்தான் இறங்கியது. 1992-இல் ஆரோலேப் தொடங்கி உள்விழி லென்ஸைத் தாங்களே செய்ததும் இன்னும் இறங்கியது. பணம் கொடுக்கிறவரின் கட்டணத்தில் கொடுக்க முடியாதவருக்கும் அதே அறுவை நடக்கிறது. நன்கொடையை நம்பிக் காத்திருக்கவில்லை. பொருளியல் தெரிந்த கருணை என்றால் எனக்கு இதுதான்.

இதைப் படிக்கும் வணிகக் குடும்பத்தாரிடம் ஒரு வேண்டுகோள். வீட்டுப் பரணில் தாத்தா காலத்துப் பேரேடோ, ஐந்தொகையோ, கடைக் கடிதமோ கிடந்தால் எடைக்குப் போட்டுவிடாதீர்கள். கோட்டையூர் ரோஜா முத்தையா சேர்த்து வைத்த நூல்களே இன்று சென்னையில் பெரிய ஆராய்ச்சி நூலகமாக நிற்கின்றன. உங்கள் ஏட்டையும் அப்படியொரு நூலகத்துக்கோ அருகிலுள்ள கல்லூரிக்கோ கொடுங்கள். வாசித்துப் பொருள் சொல்லும் கணக்கப்பிள்ளைகள் இன்னும் சிலர் இருக்கிறார்கள், எல்லாருக்கும் வயதாகிவிட்டது.