விசையும் எழுத்தும்: தமிழ்99 விசைப்பலகையின் ஊடாட்ட வடிவமைப்பு குறித்த ஒரு திறனாய்வு

மொன்றியல் தீவின் மேற்குப் பகுதியில், சென் லூயி ஏரிக்கரையில் அமைந்த நகரம் புவாண்ட்-கிளேர். அங்குள்ள ஒரு தமிழ் வீட்டுக் கணினியின் விசைப்பலகையில், கீழ் வரிசை வலக்கோடியில் ஷிஃப்ட் விசையை ஒட்டியுள்ள விசை ஆய்வுக்குரியது. ஆங்கில அமைப்பில் அது சாய்கோடு. கனடியப் பிரெஞ்சு அமைப்பில் அது மேற்குறி ஏற்ற எகர ஒலியெழுத்து. தமிழ்99 அமைப்பில் அது ழகரம். மூன்று மொழிகளும் ஒரே விசையில் குடியிருக்கின்றன. ஆனால் கியூபெக்கில் விற்கப்படும் பிரெஞ்சுப் பலகைகளில் அப்பிரெஞ்சு எழுத்து விசையின்மேல் அச்சிடப்பட்டிருக்கும். ழகரம் பயனரின் நினைவில் மட்டுமே இருக்கும். தமிழ்க் கணிமை பற்றிய உரையாடல்கள் குறியேற்றத்திற்குத் தந்த இடத்தை இவ்வேறுபாட்டிற்குத் தரவில்லை.

1999 பிப்ரவரியில் சென்னையில் நிகழ்ந்த தமிழ்இணையம் 99 மாநாட்டின் விளைவாக, அவ்வாண்டு ஜூனில் தமிழ்நாட்டரசு தமிழ்99-ஐத் தர விசைப்பலகையாக அறிவித்தது. உயிர்கள் இடக்கைக்கும் மெய்கள் பெரிதும் வலக்கைக்கும் பகுக்கப்பட்டன. மிகுதியாக வரும் க, ப, ம, த, ந ஆகியவை நடுவரிசையில், விரல்கள் இயல்பாகத் தங்குமிடத்தில் அமைந்தன. ஒரே எழுத்து இரட்டிப்பின் முன்னதன்மேல் புள்ளி தானே ஏறும். ங்க, ஞ்ச, ண்ட, ந்த, ம்ப, ன்ற என்னும் இன இணைகளிலும் அவ்வாறே. 'அம்மா' என எழுத அ, ம, ம, ஆ என நான்கு விசைகள் போதும். 'வந்தான்' என்பதற்கு ஆறு. உரோமன் ஒலிபெயர்ப்பு வழியான அஞ்சல் முறையில் எட்டு. இவ்வெண்ணிக்கையையே தமிழ்99-இன் வெற்றிச் சான்றாக அதன் ஆதரவாளர் பலகாலும் எடுத்துக்காட்டி வந்துள்ளனர்.

எண்ணிக்கை சரியே. அளவுகோல்தான் போதாது. கார்டு, மோரன், நியூவெல் ஆகிய மூவர் 1980-இல் வெளியிட்ட விசையழுத்தநிலை மாதிரியில், சராசரிப் பயனரின் ஒரு விசையழுத்தத்திற்கு 0.28 நொடியும், ஒரு செயலுக்கு மனம் ஆயத்தமாவதற்கு 1.35 நொடியும் கணக்கிடப்பட்டன. அதாவது, ஒருமுறை தயங்குவது ஏறத்தாழ ஐந்து விசைகளை அழுத்துவதற்குச் சமம். இரண்டு விசைகள் மிச்சமாவதால் கிடைப்பது 0.56 நொடி. எழுத்து பொறிக்கப்படாத பலகையில் ழகரம் எங்கே என ஒருகணம் தேடும் புதியவருக்கு அந்த ஆதாயம் அக்கணமே கரைந்துபோகிறது. உரோமன் விசைகளை முன்பே அறிந்தவர் தேடுவதில்லை; ஆகவே அவர் அம்முறையைக் கைவிடுவதில்லை. இதனைத் தமிழ்ப்பற்றின்மை எனப் பழிப்பது எளிது. வடிவமைப்பின் முதல் ஒருமணி நேரத்தை வடிவமைப்பாளர் எண்ணாமல் விட்டமையே உண்மைக் காரணம்.

இங்கு இலக்கண மாணவர் கவனிக்க வேண்டிய ஒரு முரண் உண்டு. மெய் புள்ளி பெற்று நிற்பது, உயிர் ஏறியபின் புள்ளி நீங்குவது என்பது தொல்காப்பியம் தொட்டு வரும் நெறி. பள்ளிப் பிள்ளையும் க், அ இரண்டும் சேர்ந்து க ஆகும் என்றே கற்கிறது. தமிழ் எழுத்துகளாலேயே ஆன தமிழ்99 இந்நெறியைத் தலைகீழாக்குகிறது: விசையை அழுத்தினால் வருவது அகரம் ஏறிய க; மெய் வேண்டின் புள்ளியைத் தனியே இடவேண்டும். அயல் எழுத்தைக் கருவியாகக் கொண்ட அஞ்சல் முறையிலோ முதலில் மெய் தோன்றி, உயிர் வந்ததும் புள்ளி மறைகிறது. தொல்காப்பியரின் எழுத்தியல் உரோமன் விசைகளில்தான் பிழையின்றி இயங்குகிறது! தமிழ்99 இலக்கணத்தினும் எழுத்து வருகைமிகுதியையே அடிப்படையாகக் கொண்டது. அத்தேர்வு தவறன்று, ஆனால் அது இலக்கண வழிப்பட்டது என்னும் பரவலான கூற்று ஆய்வுக்கு நிற்காது.

தானே ஏறும் புள்ளிக்கும் ஒரு விலை உண்டு. 'பயனற்ற' என்னும் சொல்லில் னகரத்தை அடுத்து றகரம் வருகிறது. இணை விதி உடனே தொழிற்பட்டு, வேண்டாத இடத்தில் னகரத்தின்மேல் புள்ளியிடுகிறது. அதனைத் தடுக்க இடையில் அகர விசையை அழுத்த வேண்டும். ஒலிக்கப்படும் அகரத்தை, அச்சொல்லில் எங்கும் எழுதப்படாத ஓர் எழுத்தின் விசையால் குறிக்க வேண்டும். கருவியின் செயலைத் திரையிலிருந்து பயனர் ஊகித்தறிய இயலாத நிலையை டொனால்ட் நார்மன் மதிப்பீட்டு இடைவெளி என்றார். விதியை அறியாதவர் பிழையைக் காண்பார், காரணத்தைக் காணமாட்டார்.

இனி, உரோமன் முறையின் குறை. அது வேகம் பற்றியதன்று, எழுத்து பற்றியது. அஞ்சல் முறையில் 'என்' விசை சொல்லின் முதலில் நகரத்தையும் இடையில் னகரத்தையும் தரும். பெரும்பாலும் இவ்வூகம் பலிக்கிறது. 'அநீதி' என்னும் சொல்லில் தவறி, 'அனீதி' ஆகிறது. நகரத்திற்கு 'டபிள்யூ' விசை உண்டென அறிந்தவரே தப்புவர். ணகரமும் ளகரமும் றகரமும் ஷிஃப்ட் விசையோடு சேர்ந்தே பிறக்கின்றன: ணகரம் 'பெரிய' என், றகரம் 'பெரிய' ஆர். தமிழில் தனித்தனியே ஒலிப்பிடம் கொண்ட எழுத்துகள், அயல்மொழி எழுத்தின் பெரிய, சிறிய வடிவங்களாகத் தாழ்கின்றன. தமிழ்நாட்டில் கற்றவருக்கு இது சிறு தொல்லை. வீட்டில் தமிழும் வகுப்பில் பிரெஞ்சும் தெருவில் ஆங்கிலமுமாக வளரும் புலம்பெயர்ந்தோர் பிள்ளைக்கு ண, ன, ந வேறுபாட்டைக் கற்பிக்கும் வாய்ப்பு மிகக்குறைவு. விசைப்பலகை அவ்வாய்ப்புகளுள் ஒன்று. தமிழ்99-இல் அம்மூன்றும் மூன்று தனி விசைகள். அதன் மிகப்பெரிய நன்மை இதுவே; அதன் ஆதரவாளர் மிகக்குறைவாகப் பேசியதும் இதுவே.

மொன்றியலின் ஈழத்தமிழர் பலருக்கு இவ்விரு முறைகளுமே அயலானவை. அவர்கள் கைக்குப் பழகியது தட்டெழுத்துப்பொறி மரபில் வந்த பாமினி. அதில் ஜே, கே, பி, ஓ, அரைப்புள்ளி என்னும் ஐந்து விசைகளில் 'தமிழ்' உருவாகும். கொம்பு, கையால் எழுதும்போது போலவே, மெய்க்கு முன் வரும். ஒருங்குறி வந்தபின் கொம்பு சேமிக்கப்படும் வரிசை மாறிற்று. பல்லாண்டுக் கைப்பழக்கத்தைப் புதிய வரிசைக்கு இட்டுச்செல்லும் பொறுப்பு மாற்றி நிரல்களிடம் விடப்பட்டது. அந்நிரல்கள் ஆவணங்களை மாற்றின, விரல்களை மாற்றவில்லை.

கியூபெக்கின் நிலை ஒப்பிடத்தக்கது. அங்கு 1977-இன் பிரெஞ்சு மொழிச் சாசனம் சந்தைப் பொருள்களின் மொழியை நெறிப்படுத்தியது. பிரெஞ்சு எழுத்துகளுக்கான கனடிய விசைப்பலகைத் தரம் 1992-இல் வந்தது. பலகை செய்வோர் எழுத்தை விசையில் அச்சிட்டனர். தமிழ்நாட்டின் ஆணை மென்பொருளைத் தொட்டது. அங்காடியில் கிடைக்கும் பலகையின் மேற்பரப்பை அந்த அளவுக்குத் தொடவில்லை.

தொடுதிரை இக்குறையை ஓரளவு நீக்கியது. 2013-இல் ஆப்பிள் நிறுவனம் தன் ஐஓஎஸ் 7-இல் தமிழ்99-ஐயும் அஞ்சலையும் சேர்த்தபோது, ழகரம் முதன்முறையாக அக்கருவியின் விசையில் எழுதப்பட்டே பயனரின் கண்ணுக்கு வந்தது. ஆனால் அமைப்புப் பட்டியலில் அவை 'அஞ்சல்', 'தமிழ்99' என்னும் பெயர்களாகவே நிற்கின்றன. முன்னது உரோமன் எழுத்து வழி, பின்னது தமிழ் எழுத்து வழி என்பதைப் பெயர்கள் உணர்த்துவதில்லை. புவாண்ட்-கிளேர் பிள்ளை எதைத் தொடும் என்பதை அங்குத் தீர்மானிப்பது பெரும்பாலும் அதன் உரோமன் பழக்கமே. உத்தமம் போன்ற அமைப்புகள் இனி நடத்தும் சோதனைகளில் நிமிடத்திற்கு எத்தனை சொல் என்பதோடு, முதல் ஒருமணி நேரத்தில் ண, ன, ந, ர, ற, ல, ள, ழ ஆகிய எழுத்துகளில் நேரும் பிழைகளையும், தமிழ்நாட்டிலும் புலம்பெயர் நாடுகளிலும் வளர்ந்த பிள்ளைகளிடையே தனித்தனியே எண்ணிப் பதிவுசெய்தல் வேண்டும்.