எஜமான் இல்லாத மலை

பீட்டர் ஜாக்சனின் 2001 படத்தில் வரும் அந்தக் காட்சி பலருக்கும் நினைவிருக்கும். ஒன்பது பேர் பனிமலைச் சரிவில் தட்டுத்தடுமாறிப் போய்க்கொண்டிருக்கிறார்கள். காற்றில் ஏதோ குரல் கேட்கிறது என்கிறான் லெகோலாஸ். அது சாருமான் என்று கத்துகிறார் கேண்டால்ஃப். வெகுதூரத்தில் ஒரு கோபுர உச்சியில் நின்று சாருமான் மந்திரம் ஓத, மலைமுகட்டில் மின்னல் இறங்கி, பனி மொத்தமாகச் சரிகிறது. கிறிஸ்டோபர் லீயின் குரலுக்காகவே எத்தனை தடவை வேண்டுமானாலும் பார்க்கலாம். ஆனால் டோல்கீன் எழுதிய கரத்ராஸ் அந்த இடத்தில் செத்துப்போகிறது. அதுவரை மலையாக இருந்தது, இரண்டு மந்திரவாதிகளுக்கு நடுவே வீசப்படும் ஒரு பெரிய கல்லாகிவிடுகிறது. அவ்வளவுதான்.

1954இல் வெளிவந்த முதல் பாகத்தில் நடப்பது வேறு. ரிவெண்டெல்லிலிருந்து தெற்கே வரும் கூட்டம் மலைத்தொடரைக் கடந்தாக வேண்டும். கரத்ராஸின் தோளோடு போகும் கணவாயைத் தேர்ந்தெடுக்கிறார்கள். பெயருக்குச் செங்கொம்பு என்று பொருள். குள்ளர்கள் அதைக் கொடூரன் என்கிறார்கள். இரவில் ஏறத் தொடங்குகிறார்கள், பனி பிடித்துக்கொள்கிறது. காற்றில் கூச்சல், சிரிப்பு மாதிரி ஏதோ ஒன்று. மேலேயிருந்து கற்கள் உருள்கின்றன.

இங்கேதான் நான் ஒவ்வொரு முறையும் வேகத்தைக் குறைத்துப் படிப்பேன். யார் செய்கிறார்கள் இதை? நனைந்து நடுங்கிக்கொண்டே அதைப் பற்றிப் பேசிக்கொள்கிறார்கள். எதிரியின் வேலையாக இருக்குமோ என்று போரோமிருக்குச் சந்தேகம். அவன் கை நீண்டிருக்கிறது என்று கேண்டால்ஃபும் சொல்கிறார். கிம்லி ஒத்துக்கொள்ளவில்லை: சௌரோன் என்ற பேச்சே இந்தப் பக்கம் எட்டாத காலத்திலேயே இந்த மலைக்குக் கெட்ட பெயர் உண்டு. அரகார்ன் சொல்வது இன்னும் நுட்பமானது. கேட்பது காற்றுதான் என்கிறான். அதற்காகப் போரோமிர் சொன்னது பொய்யாகிவிடாது என்றும் சொல்கிறான். இரண்டு காலில் நடப்பவர்களைப் பிடிக்காத எத்தனையோ உலகத்தில் இருக்கின்றன, அவையெல்லாம் சௌரோனின் ஆட்கள் இல்லை, சில அவனுக்கும் முந்தியவை. கடைசியில் கேண்டால்ஃப், தாக்குபவன் யாராக இருந்தால் என்ன, நம்மால் தடுக்க முடியாதபோது என்று பேச்சை முடித்துவைக்கிறார்.

பதில் கிடைக்காமலேயே விவாதம் முடிந்துபோகிறது. விறகு எரிந்து தீர்ந்துகொண்டிருக்கும்போது வேறென்ன செய்வது?

மறுநாள் காலையில் ஒரு தடயம் கிடைக்கிறது. சூரியனைத் தேடிக் கூட்டிவருகிறேன் என்று கிண்டலடித்துவிட்டு லெகோலாஸ் பனிமேல் கால் புதையாமல் ஓடுகிறான். போரோமிரும் அரகார்னும் மார்பளவு பனியைக் கைகளால் தள்ளிக்கொண்டு வழி உண்டாக்குகிறார்கள். திருப்பத்தைத் தாண்டியதும் பனி திடீரென்று குறைந்துவிடுகிறது; இன்னும் கீழே ஹாபிட்டுகளின் காலை நனைக்கும் அளவுக்குக்கூட இல்லை. சுவர் மாதிரி குவிந்தது இவர்கள் ஒதுங்கியிருந்த இடத்துக்குப் பக்கத்தில்தான். நான்தான் சொன்னேனே என்கிறான் கிம்லி. எல்லோரும் கடந்தபின் பின்னால் இன்னொரு கல்சரிவு விழுந்து பாதையை மூடுகிறது. போதும், போய்விடுகிறோம் என்று மலையைப் பார்த்துக் கத்துகிறான். ஒரு மலையிடம் பேசுகிறோமே என்ற கூச்சம் அவனுக்குத் துளியும் இல்லை.

1911இல், பத்தொன்பது வயதில், டோல்கீன் சுவிட்சர்லாந்தின் ஆல்ப்ஸ் மலைகளில் நடந்திருக்கிறார். அலெட்ச் பனியாற்றுப் பக்கம் வெயிலில் பனி இளகிக் கற்கள் உருண்டதையும், அதில் ஒரு பெரிய கல் அவருக்கும் முன்னால் போன பெண்மணிக்கும் நடுவே பாய்ந்ததையும் பல வருடம் கழித்து மகனுக்கு எழுதிய கடிதத்தில் சொல்கிறார். அதுதான் இது என்று நேராகப் பொருத்த வேண்டாம். ஆனால் யாரும் எறியாமலேயே ஒரு கல் நம்மைக் குறிபார்த்து வருவதுபோல இருக்கும் என்பதை அனுபவித்துத் தெரிந்துகொண்ட ஆள் அவர்.

ஜாக்சன் பக்கமும் நியாயம் இருக்கிறது. திரையில் வெறும் பனிப்புயல் என்றால் அது வானிலை அறிக்கைதான்; முகம் வேண்டும். தவிர, மோரியா வழியே போவதா என்ற முடிவைப் படம் ஃப்ரோடோவின் தலையில் வைக்கிறது. புத்தகத்தில் அதைத் தூங்கி எழுந்து பேசலாம் என்று தள்ளிப்போட்டு, ஓநாய்கள் ஊளையிட்டபிறகுதான் தீர்மானிக்கிறார்கள். படத்தின் வழி கச்சிதமானது, மறுக்கவில்லை.

என் சங்கடம் படத்தோடு நிற்பதில்லை. படம் தொடங்கிவைத்த பழக்கத்தை வாசகர்களான நாமும் தொடர்கிறோம். இந்த மலைக்கு யார் ஓனர் என்று தேடுகிறோம். குள்ளர்கள் மித்ரில் தேடிக் குடைந்ததும், மூன்றாம் யுகம் 1980இல் பால்ரோக் விழித்ததும் இதே மலைக்கு அடியில்தான். அப்போ புயலை அனுப்பியது பால்ரோக்தானே என்று கேட்பவர்கள் உண்டு. அழகான ஊகம். ஆனால் அந்தப் புயலுக்கும் பால்ரோக்குக்கும் நூலில் எங்கும் முடிச்சு இல்லை. மலைக்கு ஒரு முதலாளியைக் கண்டுபிடிக்கிறவரை நமக்கு இருப்புக் கொள்வதில்லை. புதிதாக எழுதப்படும் மிகைபுனைவுகளில் ஆறு, காடு, பள்ளத்தாக்கு எல்லாமே யாரோ ஒரு வில்லனின் ரிமோட்டில் இயங்குவது இதனால்தான் என்று தோன்றுகிறது. விதிகள் துல்லியமாக இருக்கின்றன. பயம் மட்டும் இல்லை.

சாருமானின் மலை என்றால் சாருமான் தோற்றதும் அது சாதாரண மலை. டோல்கீனின் கணக்கு அப்படி இல்லை. கதை முழுக்க எல்லாமே மோதிரத்தைச் சுற்றி நடக்கிறது, எல்லோரும் ஏதோ ஒரு கட்சி. கரத்ராஸுக்கு மட்டும் மோதிரத்தைப் பற்றி அக்கறையே கிடையாது. தன் தோளில் ஏறியவர்களை அதற்குப் பிடிக்கவில்லை. அந்த அத்தியாயம் முடிவதும் கரத்ராஸ் அவர்களைத் தோற்கடித்துவிட்டது என்ற செய்தியோடுதான். சௌரோன் பெயர் அந்த முடிவில் இல்லை. பிறகு மோதிரம் நெருப்பில் விழுகிறது, இருண்ட கோபுரம் சரிகிறது, அரசன் திரும்பி வருகிறான். செங்கொம்புக் கணவாயில் அடுத்த குளிர்காலத்திலும் பனி விழும்.