வேம்பின் ஆங்கிலப் பெயர்களும் அகராதிகளும்

சென்னை–அரக்கோணம் ரயில் பாதையில் உள்ள வேப்பம்பட்டு, பெயரிலேயே வேம்பைத் தாங்கிய ஊர். அங்குள்ள ஒரு மாணவர் அந்த மரத்தைப் பற்றி ஆங்கிலத்தில் படிக்கத் தொடங்கினால் நீம், மார்கோசா, அசாடிராக்டா என்று மூன்று பெயர்களைச் சந்திப்பார். மூன்றுக்கும் ‘வேம்பு’ என்று மட்டும் பொருள் தரும் அகராதியில் பிழை இல்லை, பயன்தான் குறைவு. எந்தச் சொல் எங்கே வழங்கும், எப்படி ஒலிக்கும் என்பது அவருக்குத் தெரியாமலே போகும்.

நீம், இந்தியிலிருந்து வந்து இந்திய ஆங்கிலத்தின் அன்றாடச் சொல்லானது. மார்கோசா, கசப்பைக் குறிக்கும் ‘அமர்கோசா’ என்ற போர்த்துக்கீசியச் சொல் தலையெழுத்தை இழந்த வடிவம். இலங்கை ஆங்கிலத்தில் இன்றும் உண்டு. சொல்லும்போது அழுத்தம் ‘கோ’வில் விழும்.

சிக்கல் மூன்றாவதில்தான். பாரசீகத்தில் ‘ஆசாத் திரக்த்’ என்றால் கட்டற்ற மரம். லத்தீன் எழுத்துக்கு மாறியபோது அதன் தொண்டை ஒலி ‘சி, எச்’ என்ற இரண்டு எழுத்துகளாயிற்று. எழுத்தைப் பார்த்து வாசிப்பவர் ‘அசாடிராச்டா’ என்பார். சரியான ஒலி ககரம்; அழுத்தமும் அந்த ‘ராக்’ மீதுதான். தமிழ் எழுத்தில் ஒலிப்பு தருவோர் அழுத்தத்தைக் காட்டுவதே அரிது. அழுத்தம் பெறும் அசையைத் தடித்த எழுத்தில் அச்சிட்டாலே போதும், இதற்குப் புதுக்குறி எதுவும் வேண்டாம்.

அ. சிதம்பரநாதன் செட்டியார் தலைமையில் உருவான சென்னைப் பல்கலைக்கழக ஆங்கிலம்–தமிழ் அகராதி 1965-இல் நிறைவுற்றது. துறைக்குறிப்போடு பொருள் தந்த பெரும்பணி அது. ஆனால் அசாடிராக்டின் என்ற வேதிப்பொருள் வேப்பங்கொட்டையிலிருந்து பிரித்தெடுக்கப்பட்டதே 1968-இல். இன்று பூச்சிமருந்துக் கடையில் ‘1500 பிபிஎம்’ (அதாவது 0.15 விழுக்காடு) என்ற எண்ணோடு புட்டியில் நிற்கும் அந்தச் சொல்லை அந்த அகராதியில் தேடிப் பயனில்லை.

வேதியியல் நூல்கள் அதை டெட்ராநார்டிரைடெர்பினாய்டு வகையில் சேர்க்கின்றன. இதை அப்படியே தமிழ் எழுத்தில் பெயர்த்து வைப்பது பொருள் சொல்வதாகாது. பிரித்தால் சொல் தானே பேசும்: டிரைடெர்பீன் என்பது 30 கார்பன் அணு கொண்ட கட்டமைப்பு, ‘நார்’ என்றால் கார்பன் இழந்தது, ‘டெட்ரா’ நான்கு. ஆக, நான்கை இழந்து 26 கார்பனோடு நிற்கும் கட்டமைப்பு. வாழைநாருக்கும் இந்த நாருக்கும் உறவில்லை என்று ஒரு வரி சேர்த்தாலும் தகும். தமிழில் மட்டும் படிப்பவருக்கு முதலில் தோன்றுவது அதுதான்.