வெர்ஜில் கிறிஸ்துவைப் பாடினாரா? நான்காம் ஆயர் பாடலும் அதன் வாசகரும்

உள்நாட்டுப் போர்களால் உரோமாபுரி களைத்துக் கிடந்த கி.மு. 40ஆம் ஆண்டில் ஆசினியஸ் பொல்லியோ கான்சல் பதவி வகித்தார். அவ்வாண்டில்தான் அந்தோனியும் ஒக்தாவியனும் புருந்தீசியம் நகரில் உடன்படிக்கை செய்துகொண்டனர். இச்சூழலில் வெர்ஜில் பொல்லியோவை விளித்துப் பாடிய கவிதையே அவருடைய ஆயர் பாடல்கள் பத்தினுள் நான்காவது. அது 63 அடிகளே உடையது. ஆயினும் அதனினும் நீண்ட பல காவியங்களைக் காட்டிலும் கிறிஸ்தவ உலகை அது மிகுதியாகக் கலக்கியது.

கூமே நகரத்துச் சிபில் என்னும் குறிசொல்லும் பெண் உரைத்த இறுதிக் காலம் வந்துவிட்டது, கன்னி திரும்பி வருகிறாள், பொற்காலம் மீள்கிறது, ஒரு குழந்தை பிறக்கப்போகிறது என்கிறார் கவிஞர். அக்குழந்தை வளர வளர ஆடுகள் தாமே பால் சுமந்து வீடு திரும்பும், மாடுகள் சிங்கத்திற்கு அஞ்சா, பாம்பு மடியும். ஏசாயா 11ஆம் அதிகாரத்தை அறிந்த எவரும் இவ்விடத்தில் சற்றே நின்று திரும்பிப் பார்க்கவே செய்வர். திருச்சபையும் அவ்வாறு நின்றது. நெடுங்காலம் அங்கேயே நின்றுவிட்டது.

அக்குழந்தை யார்? பொல்லியோவின் மகன் ஆசினியஸ் கல்லஸ் தாமே அக்குழந்தை என்று கூறிக்கொண்டதாகப் பண்டை உரையாசிரியர் செர்வியஸ் குறித்துள்ளார். அந்தோனிக்கும் ஒக்தாவியாவுக்கும் பிறக்கவிருந்த மகவே என்பாரும் உளர். ஆனால் பிறந்ததோ பெண். கன்னி என்பவள் மரியாள் அல்லள். மாந்தரின் கொடுமை கண்டு மண்ணுலகைவிட்டு நீங்கிய நீதி தேவதையே அவள். இவ்வளவும் கவிதையை அதன் காலத்தில் வைத்து வாசிப்போர்க்குத் தெளிவு. நமது வினா இதன்று. இவ்வாறு பொருள்பட்ட ஒரு கவிதையைப் பிற்காலத்தார் எவ்வெவ்வாறு கையாண்டனர், அக்கையாளுகைகளுள் எது கவிஞருக்கும் நற்செய்திக்கும் நேர்மையானது என்பதே நமது வினா.

நான்காம் நூற்றாண்டின் தொடக்கத்தில் லாக்தான்சியு இக்கவிதையை வரவிருக்கும் ஆயிரமாண்டு அரசாட்சிக்குச் சான்றாக எடுத்துக்கொண்டார். பேரரசர் கொன்ஸ்தந்தீன் இன்னும் மேலே சென்றார். அவர் ஆற்றியதாக வழங்கும் பெரிய வெள்ளிக்கிழமைப் பேருரை எசேபியு எழுதிய அவரது வரலாற்று நூலின் பின்னிணைப்பாக நமக்குக் கிடைத்துள்ளது. அதில் இக்கவிதை கிரேக்க மொழியில் பெயர்க்கப்பட்டு அடியடியாக விளக்கப்படுகிறது. மொழிபெயர்ப்பே விளக்கமாகிவிடுவதை இங்கு நாம் காண்கிறோம். மூலத்தில் கன்னியோடு சாட்டர்ன் என்னும் பழந்தெய்வத்தின் ஆட்சி மீள்கிறது. கிரேக்கத்திலோ கன்னி அன்பிற்குரிய அரசரை அழைத்து வருகிறாள். மூலத்தில் மீண்டும் ஓர் அக்கிலேசு திராய் நகரத்துக்கு அனுப்பப்படுவான். விளக்கத்திலோ அக்கிலேசு மீட்பர், திராய் இந்த உலகம். வெர்ஜில் உண்மையை உணர்ந்தவர், ஆள்வோருக்கு அஞ்சித் திரையிட்டுக் கூறினார் என்று உரை வாதிடுகிறது. பொருள் பொருந்தாத இடமெல்லாம் கவிஞரின் அச்சமாகிவிட்டால், அக்கவிதை எதையேனும் மறுத்துச் சொல்ல முடியுமா? தன்னைப் பற்றிய தவறான கூற்றையும் மறுக்க இயலாத சாட்சி, சாட்சியே அன்று.

அகுஸ்தீன் இதனினும் நுட்பமானவர். சிறுவனாயிருந்தபோது தீதோவின் சாவுக்காக அழுது, தன் ஆன்மாவின் சாவுக்காக அழாதிருந்ததை ‘அறிக்கைகள்’ நூலில் நொந்து கூறியவர் அவர். வெர்ஜிலின் சொற்கள் அவரைவிட்டு ஒருபோதும் நீங்கவில்லை. ‘கடவுளின் நகரம்’ பத்தாம் நூலில் அவர் ஒரு வேறுபாட்டைக் காட்டுகிறார்: கவிஞர் புகழ்ந்தது வேறொரு மனிதனை, ஆயினும் அச்சொற்களைக் கிறிஸ்துவுக்கு உரியனவாகக் கொண்டால் அவை உண்மையாகின்றன. சொற்கள் சிபிலிடமிருந்து வந்தவை என்பது அவர் கருத்து. கவிஞரின் கருத்து ஒன்று, சொல்லின் உண்மை மற்றொன்று என்னும் இப்பிரிவு ஒரு பேரரசருக்குத் தோன்றாதது. காய்பா தான் அறியாமலே தீர்க்கதரிசனம் உரைத்ததை யோவான் 11இல் வாசித்த திருச்சபைக்கு இவ்வழி புதிதும் அன்று.

ஜெரோமோ பொறுமையற்றவர். வெர்ஜிலின் அடிகளைப் பிய்த்து ஒட்டி விவிலிய வரலாற்றைப் பாடும் ஒட்டுக் கவிதைகள் அக்காலத்தில் பெருகின. புரோபா என்னும் உரோமப் பெருமாட்டி இயற்றியது ஏறத்தாழ 700 அடிகள் உடையது. பவுலினுவுக்கு எழுதிய மடலில் ஜெரோம் இவ்வழக்கத்தைச் சாடி, கிறிஸ்துவை அறியாத ஒருவரைக் கிறிஸ்தவராக்கும் இம்முயற்சி சிறுபிள்ளைத்தனம் என்கிறார். கன்னி திரும்பும் அடியையே எடுத்துக்காட்டாகவும் காட்டுகிறார். கடுமையானவராயினும் இவ்வொரு செய்தியில் நாம் ஜெரோமின் பக்கமே நிற்கிறோம். ஆனால் இடைக்காலம் அவர் பக்கம் நிற்கவில்லை.

இங்கு நாம் சற்றுத் தங்கவேண்டிய ஓர் இருண்ட பக்கம் உண்டு. ஐந்தாம் நூற்றாண்டில் கார்த்தேஜின் ஆயராயிருந்த குவோத்வுல்ததேயு, யூதருக்கும் பிற சமயத்தாருக்கும் ஆரியருக்கும் எதிராக ஒரு பிரசங்கம் செய்தார். ஏசாயா, எரேமியா, தானியேல் முதலியோரை நீதிமன்றச் சாட்சிகளைப் போல ஒருவர்பின் ஒருவராக அழைத்து, யூதரைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்துகிறது அப்பிரசங்கம். வெர்ஜிலும் சிபிலும் நேபுகாத்நேச்சாரும்கூட அச்சாட்சிகளின் வரிசையில் வருகின்றனர். அகுஸ்தீனுடையது என்று தவறாகக் கருதப்பட்ட அப்பிரசங்கம் பல ஆலயங்களில் கிறிஸ்து பிறப்புக் கால வாசகமாயிற்று. பின்னர் அதிலிருந்தே தீர்க்கதரிசிகளின் ஊர்வல நாடகம் தோன்றியது. லிமோஜ் நகரின் புனித மார்ஷியல் மடத்திலிருந்து கிடைத்த நாடக வடிவத்திலும் வெர்ஜில் இடம் பெறுகிறார்.

இதில் உள்ள கொடுமை வெளிப்படையானது. சிபிலின் பெயரால் அலெக்சாந்திரிய யூதர் கிரேக்கத்தில் இயற்றிய பாடல்கள் பல இருந்தன. அவற்றுள் மூன்றாம் நூல் ஏசாயாவின் ஓநாயையும் ஆட்டுக்குட்டியையும் ஏறத்தாழ அப்படியே எடுத்துப் பாடுகிறது. உரோமரின் பழைய சிபில் ஏடுகள் கி.மு. 83இல் தீக்கிரையானபின் கிழக்கு நாடுகளிலிருந்து புதிய பாடல்கள் திரட்டப்பட்டன. இத்தகைய யூதப் பாடல்கள் ஏதோ ஒரு வகையில் வெர்ஜிலின் செவிக்கு எட்டியிருக்கலாம் என்று ஆய்வாளர் சிலர் கருதுகின்றனர். இது கருதுகோளே, உறுதி அன்று. ஆயினும் அது மெய்யாயின், யூதர் நம்பிக்கையிலிருந்து பிறந்த ஒரு பாடலைக் கொண்டே திருச்சபை யூதரைக் குற்றஞ்சாட்டியது என்றாகிறது. பிறர் நூலைச் சாட்சிக் கூண்டில் ஏற்றுவோர் யாரைத் தண்டிக்க அதனை அழைக்கின்றனர் என்பதையும் நாம் கேட்கவேண்டும்.

இடைக்காலம் முழுவதும் இத்தகையதே எனல் நியாயமாகாது. பன்னிரண்டாம் நூற்றாண்டில் ஓவிதும் பெரிதும் வாசிக்கப்பட்டார். பதினான்காம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவருடைய உருமாற்றக் கதைகளை ஏறத்தாழ 72,000 அடிகளில் பிரெஞ்சு மொழியில் அறநெறிப்படுத்தியவரும் உளர். அதன் நீளத்தை வியக்கலாம். வாசிக்க நாம் எவரையும் தூண்டமாட்டோம். வெர்ஜிலின் கல்லறையருகே பவுல் அப்போஸ்தலர் கண்ணீர் விட்டார் என்று மாந்துவா நகரத்தார் பாடியதாக ஒரு வழக்கு உண்டு. உயிரோடு சந்தித்திருந்தால் எத்தகையவராக்கியிருப்பேன் என்று அவர் புலம்பினாராம். வரலாறு அன்று, ஆனால் வெர்ஜிலைக் கிறிஸ்தவராக்காமல், அவரை இழந்ததற்காக அழும் இக்கதை கொன்ஸ்தந்தீனின் பேருரையினும் உயர்ந்தது.

அவ்வழுகையையே ஒரு பெருங்காப்பியமாக்கியவர் தாந்தே. ‘உத்தரிப்புத் தலம்’ 22ஆம் காண்டத்தில் ஸ்தாசியு என்னும் உரோமக் கவிஞர் வெர்ஜிலை நோக்கி, தாம் கவிஞரானதும் கிறிஸ்தவரானதும் உம்மாலேயே என்கிறார். நான்காம் ஆயர் பாடலே அவரை நற்செய்தியை நோக்கித் திருப்பியது. ஸ்தாசியு கிறிஸ்தவரானார் என்பதற்குச் சான்று ஏதுமில்லை. தாந்தேயின் படைப்பே அது. இரவில் நடப்பவன் விளக்கைத் தன் முதுகுக்குப் பின்னே ஏந்திச் செல்கிறான். பின்வருவோருக்கு வழி தெரிகிறது, அவனுக்கோ இருள் என்னும் உவமை அங்கே வருகிறது. வெர்ஜில் அறிந்தே பாடினார் என்று தாந்தே சொல்லவில்லை. கவிதையின் ஒளியையும் கவிஞரின் இருளையும் ஒருசேர ஒப்புக்கொள்கிறார்.

ஒப்புக்கொண்டு அத்துடன் அமைதி அடையவும் இல்லை. வெர்ஜிலின் இடம் லிம்போ. ஞானஸ்நானம் பெறாத நல்லோர் நம்பிக்கையின்றி ஏங்கும் இடம். 30ஆம் காண்டத்தில் பெயாத்ரிசு தோன்றுகையில், தாயிடம் ஓடும் குழந்தையைப் போலத் தாந்தே வெர்ஜிலின் பக்கம் திரும்புகிறார். சொல்ல எடுத்த சொற்களும் தீதோவின் சொற்களே. வெர்ஜில் அங்கே இல்லை. விண்ணுலகப் பகுதியின் 20ஆம் காண்டமோ இன்னும் வியப்பானது. ‘ஏனெயிட்’ இரண்டாம் நூலில் ஓரிரு அடிகளில் வந்து மடியும் ரிபேயு என்னும் திராய் வீரன் அங்கே விண்ணவரிடையே ஒளிர்கிறான். வெர்ஜில் படைத்த சிறு பாத்திரம் மீட்படைகிறது; படைத்தவர் மீட்படையவில்லை. இது தாந்தேயின் இறையியலில் உள்ள முரண் என்பாருண்டு. விடை காண இயலாத ஒரு கேள்வியை மூடி மறைக்காமல் திறந்தே வைத்த நேர்மை என்று நாம் கருதுகிறோம். பிற சமயத்துச் சான்றோரின் மீட்பைக் குறித்து நம் வகுப்பறைகளில் எழும் வாதங்களுள் பல இவ்வளவு வலியோடு எழுவதில்லை.

இச்செய்தி நமக்குத் தொலைவானதன்று. வீரமாமுனிவர் 1730இல் திருக்குறளின் அறத்துப்பாலையும் பொருட்பாலையும் இலத்தீனாக்கினார். 1886இல் குறளை ஆங்கிலத்தில் வெளியிட்ட ஜி. யு. போப், வள்ளுவர் மயிலாப்பூர்க் கடற்கரையில் கிறிஸ்தவப் போதகரோடு உலாவியிருக்கலாம் என்று தம் முன்னுரையில் கற்பனை செய்தார். அன்பினால் எழுந்த கற்பனையே, ஐயமில்லை. ஆயினும் அது கொன்ஸ்தந்தீனின் வழி. புகழ்வதுபோல் தோன்றி, புலவரின் அறிவைப் புலவரிடமிருந்தே எடுத்துவிடுகிறது. ஆரியோபாகுவில் பவுல் கிரேக்கக் கவிஞரின் சொல்லை எடுத்தாண்டபோது அதனை அவர்களுடைய கவிஞரின் சொல் என்றே கூறினார், தம்முடையதாக்கிக்கொள்ளவில்லை.

பிற்காலத்தைச் சுருங்கக் கூறலாம். மிக்கேலாஞ்சலோ சிஸ்தீன் ஆலய விதானத்தில் ஏழு தீர்க்கதரிசிகளோடு ஐந்து சிபில்களையும் தீட்டினார். கூமேயின் சிபிலும் அவர்களுள் ஒருத்தி. 1712இல் அலெக்சாந்தர் போப் ஏசாயாவையும் இக்கவிதையையும் இணைத்து ‘மேசியா’ பாடினார். எடுவார்த் நோர்டன் 1924இல் வெளியிட்ட ஆய்வு இக்குழந்தையின் பின்னணியைக் கிழக்கத்தியச் சமயங்களில் தேடியது. 1951இல் டி. எஸ். எலியட், கவிஞன் தான் முழுதும் அறியாத பொருளையும் பேசக்கூடும் என்று அகுஸ்தீனின் பிரிவையே வேறு சொற்களில் புதுப்பித்தார்.

லூத்தரைக் கூறாமல் விடலாகாது. 1505இல் துறவு மடம் புகுந்தபோது அவர் தம் நூல்களுள் பிளாத்து, வெர்ஜில் ஆகியோரை மட்டுமே உடன் கொண்டுசென்றதாக அறிகிறோம். 1546 பிப்ரவரியில், இறப்பதற்கு இரண்டு நாள்கள் முன்பு, ஐஸ்லேபனில் அவர் எழுதிய கடைசிக் குறிப்பும் வெர்ஜிலோடுதான் தொடங்குகிறது. ஐந்தாண்டு ஆயனாய் இருந்தாலன்றி ஆயர் பாடல்களை ஒருவரும் உணர இயலாது என்கிறார். திருமறையைச் சுவைத்துவிட்டதாகக் கருத நூறாண்டு தீர்க்கதரிசிகளோடு சபைகளை நடத்தியிருக்க வேண்டும் என்கிறார். சிபிலைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. ஆயர் பாடல்கள் ஆயரைப் பற்றியவையாகவே மீண்டும் வாசிக்கப்படுகின்றன. ‘ஏனெயிட்’ காவியத்தின் அடிச்சுவடுகளை வணங்குமாறு அக்குறிப்பில் வரும் இலத்தீன் அடிகள், தாந்தே கிறிஸ்தவராக்கிய அதே ஸ்தாசியு தம் காப்பிய முடிவில் எழுதியவற்றின் எதிரொலி.